'பொன்மணி'யை எழுதியவர்

திரையில் நடித்தவரை நாம் மறப்பதில்லை. எழுதியவரை நினைப்பார் யார்? களுபோவிலையில் நம் இல்லத்திற்கு வரும் மாணவரிடம் காவலூர் ராஜதுரை என்றோம், விழித்தனர்.

ஊர்காவற்றுறையைச் சேர்ந்த அன்னார் சிறுகதை ஆசிரியர். வானொலியிலும் விளம்பரத்துறையிலும் பணியாற்றியவர். 1977-இல் வெளிவந்த 'பொன்மணி'க்குத் திரைக்கதை எழுதினார். நெறிப்படுத்தியவர் சிங்களக் கலைஞர் தர்மசேன பத்திராஜ. யாழ்ப்பாணக் குடும்பமொன்றிலே சீதனமின்றிக் காத்திருக்கிறாள் தமக்கை. சாதி கடந்து காதலித்த தங்கை பொன்மணியோ பலியாகிறாள். தென்னிந்தியப் படங்களிலே பழகிய இரசிகர் இதனை ஆதரிக்கவில்லை. நம் ஊர்ப் பேச்சைத் திரையிற் கேட்க நமக்கே கூச்சம் போலும்! 2014-இல் அவர் ஆஸ்திரேலியாவிற் காலமானார்.

மாணவருக்கு அப்படத்தைக் காட்டினோம். முடிந்த பின்னரும் ஒரு மாணவி எழுந்திருக்கவில்லை. அவளுக்கு மூத்தவர் இருவர், இன்னும் மணமாகாதோர்.