அரிவாளில் அடங்கும் மடக்கை

நெல்லிக்குப்பத்தில் 1842 முதல் சர்க்கரை ஆலை ஓடுகிறது. அதனால் மடக்கைக் கணக்கையும் கரும்பிலேயே தொடங்கலாம். பொங்கலன்று ஒரு முழுக் கரும்பை நடுவில் வெட்டினால் இரண்டு துண்டு. இரண்டையும் சேர்த்துப் பிடித்து ஒரே போடு போட்டால் நான்கு. இன்னொரு போடு, எட்டு. அடுத்தது பதினாறு. (அடிக்கரும்பு யாருக்கு என்ற சண்டை தனி.) பதினாறு துண்டுக்கு நான்கு போடு. அந்த நான்குதான் 16-இன் இரும மடக்கை.

எத்தனை வெட்டு என்ற இந்தக் கேள்வி பழையது. நேப்பியர் மடக்கை அட்டவணை வெளியிட்டது 1614-இல். அதற்கு ஏறத்தாழ 800 ஆண்டு முன்பே, சமண அறிஞர் வீரசேனர் ‘தவளா’ உரையில் ஓர் எண்ணை எத்தனை முறை பாதியாக்கலாம் என்று கேட்டு, அதற்கு ‘அர்த்தச்சேதம்’ என்று பெயரும் வைத்தார். அர்த்தசாமத்தில் வரும் அர்த்தம், சிரச்சேதத்தில் வரும் சேதம்: பாதி வெட்டு. இரண்டு எண்களின் பெருக்குத்தொகைக்கு எத்தனை வெட்டு என்று அறிய அவற்றின் வெட்டுகளைக் கூட்டினால் போதும் என்பதும் அவருக்குத் தெரியும். 8-க்கு 3, 16-க்கு 4; பெருக்குத்தொகை 128-க்கு 7. தவளாவின் ஓலைச்சுவடிகள் கர்நாடகத்து மூடபித்ரியில் பிழைத்துக் கிடந்தன.

16, 32 என்றால் விரல் விட்டே எண்ணலாம். 100-க்கு? 50, 25, 12.5, 6.25, 3.125, 1.5625. ஆறு வெட்டுக்குப் பிறகும் 1-க்கு மேல் மிச்சம். ஏழாவது வெட்டில் 1-க்குக் கீழே போய்விடுகிறது. இந்த நடுவாந்தரத்துக்குத்தான் இணையக் கணிப்பான். எண் 100, பாதியாக்குவதால் அடிமானம் 2 என்று கொடுத்தால் 6.6439 என்று காட்டும்.

இங்கேதான் பலர் வழுக்குகிறார்கள். கைபேசிக் கணிப்பானில் ‘லாக்’ (மடக்கை) பொத்தானுக்கு அடிமானம் பெரும்பாலும் 10. அதில் 16-ஐத் தட்டினால் 4 வராது, 1.204 வரும். கணிப்பான் மேல் தப்பில்லை. அந்த விடையை 2-இன் லாக்கான 0.30103-ஆல் வகுத்தால் 4 வந்துவிடும். எக்செல்லிலும் அதே வம்பு: லாக் அடைப்புக்குள் 16-ஐ மட்டும் போட்டால் பத்தடிமானம், காற்புள்ளி வைத்து 2 சேர்த்தால்தான் இருமம். பூஜ்யத்தைக் கொடுத்தால் பிழை என்று காட்டும். எத்தனை முறை பாதியாக்கினாலும் பூஜ்யம் வராதே! 0.5-க்கோ −1 வரும். அது இல்லாத கரும்பை ஒட்டவைக்கிற கணக்கு.

பின்னம் வந்தால் என்ன செய்வது என்பதை, தோற்ற அணி வெளியேறும் ஊர்க் கபடிப் போட்டி சொல்லும். 32 அணி என்றால் ஐந்து சுற்று. 40 அணி பெயர் கொடுத்தால் கணிப்பான் 5.32 என்கிறது. 5.32 சுற்று ஆட முடியாது, ஆறுதான். முதல் சுற்றில் 16 அணிகள் மோதும். 24 அணிகள் சீட்டுக் குலுக்கலில் நேராக இரண்டாம் சுற்றுக்குப் போகும்.