பட்டறைக்கும் நாடி பார்க்க வேண்டும்!

வருடா வருடம் மார்ச் 4-ம் தேதி வந்தால் போதும், நம் ஊர் கம்பெனிகளில் ஒரே கோலாகலம்தான். தேசியப் பாதுகாப்பு தினம்! சட்டையில் பேட்ஜ் குத்துவார்கள். வரிசையாக நிற்க வைத்து உறுதிமொழி எடுக்கச் சொல்வார்கள். வாசகப் போட்டி, ஓவியப் போட்டி, கடைசியில் லட்டும் மிக்ஸரும். 1966-ல் இதே தேதியில் தேசியப் பாதுகாப்பு கவுன்சில் தொடங்கப்பட்டதன் நினைவாக நடக்கிற விழா இது. நல்ல விஷயம்தான், நான் குறை சொல்லவில்லை. ஆனால் மார்ச் 5-ம் தேதி காலையில் அந்தக் கம்பெனியில் என்ன நடக்கிறது? எனக்கு அதுதான் முக்கியம். ஏனென்றால், அதன் பலன் சாயங்காலம் என் கிளினிக் பெஞ்சில் வந்து உட்கார்ந்துகொள்கிறது!

"நாங்க எங்கே டாக்டர் கம்பெனி நடத்தறோம்?" என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். உங்கள் வீட்டில் ஒருவர் மேனேஜராக இருக்கலாம். மைத்துனர் ஒரு லேத் பட்டறை வைத்திருக்கலாம். ஒன்றுமே இல்லை என்றாலும், குடியிருக்கும் அடுக்குமாடியின் அசோசியேஷனில் நீங்களே செயலாளராக இருப்பீர்கள். நாலு பேரை வேலைக்கு வைத்து ஒரு இடத்தை நிர்வகிக்கிறீர்கள் என்றாலே இந்தக் கட்டுரை உங்களுக்குத்தான்.

சித்த மருத்துவத்தில் நோயைக் கணிக்க எண்வகைத் தேர்வு என்று உண்டு. நாடி, ஸ்பரிசம், நா, நிறம், மொழி, விழி, மலம், மூத்திரம் என எட்டையும் பார்க்க வேண்டும். அதோடு நோயாளி எந்த நிலத்தில் வாழ்கிறார் என்றும் கேட்க வேண்டும். மலைக்காரருக்கு வருகிற நோய் வேறு, கடற்கரைக்காரருக்கு வருவது வேறு. குறிஞ்சி, முல்லை, மருதம், நெய்தல், பாலை என்று ஐந்து நிலம் சொன்னார்கள். இந்தக் காலத்து மனிதன் விழித்திருக்கும் நேரத்தில் பாதியைக் கழிக்கிற ஆறாவது நிலம் ஒன்று இருக்கிறது, அவன் வேலை செய்கிற இடம்! இத்தாலியில் ரமாஸினி என்ற மருத்துவர் 1700-லேயே தொழில் நோய்களைப் பற்றித் தனிப் புத்தகம் எழுதினார். நோயாளியிடம் வழக்கமாகக் கேட்கிற கேள்விகளோடு 'என்ன தொழில் செய்கிறாய்?' என்பதையும் கேளுங்கள் என்று மற்ற மருத்துவர்களுக்குச் சொன்னவர் அவர்தான்.

அந்தக் கேள்வி எவ்வளவு உபயோகமானது தெரியுமா? சில வருடங்களுக்கு முன் நாற்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் வந்தார்.

"வயித்துவலிங்க டாக்டர், முறுக்கிப் புடிக்குது. நாலு நாளா வெளிக்குப் போகல. கேஸ் டிரபிள்னு நினைக்கிறேன். நல்ல சூரணமா குடுங்க" என்றார்.

"என்ன வேலை பார்க்கறீங்க?"

"பழைய பேட்டரியை உடைச்சு ஈயம் எடுக்கிற பட்டறைங்க."

வாயைத் திறக்கச் சொன்னேன். பல்லும் ஈறும் சேரும் இடத்தில் நீலம் பாய்ந்த கோடு. வயிற்றுவலி, மலச்சிக்கல், வெளுத்த கண்கள், இந்தக் கோடு... சூரணம் கொடுத்து அனுப்புகிற விஷயமா இது? ரத்தத்தில் ஈய அளவு பார்க்கச் சொல்லி, பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பி வைத்தேன். நஞ்சு நூல் என்று எங்களுக்குக் கல்லூரியில் தனிப் பாடமே உண்டு. உலோகங்களை மருந்தாக்குகிற மரபில் வந்தவர்கள் நாங்கள். உலோகம் எப்போது மருந்து, எப்போது நஞ்சு என்பதில் நாங்கள்தான் மற்றவர்களைவிட அதிகமாகப் பயப்பட வேண்டும்.

கதை அதோடு முடியவில்லை. அடுத்த வாரம் அவர் மனைவி மூன்று வயதுக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்தார். சோகை, பசி இல்லை, விளையாட்டில் நாட்டம் இல்லை. குழந்தைக்கும் ரத்தத்தில் ஈயம்! பட்டறைப் பக்கமே போகாத பிள்ளைக்கு எப்படி வந்தது? அப்பாவின் சட்டை வழியாக. வேலை முடிந்து அதே சட்டையோடு வீட்டுக்கு வந்து, ஆசையாகப் பிள்ளையைத் தூக்குவார். அந்தத் துணி வீட்டுத் துணியோடு சேர்ந்துதான் ஊறும். குழந்தைகளுக்கு 'இவ்வளவு ஈயம் இருந்தால் பரவாயில்லை' என்ற அளவே கிடையாது என்கிறது உலக சுகாதார நிறுவனம். மூளை வளர்கிற வயதில் அது செய்கிற சேதத்தைப் பிறகு சரிக்கட்ட முடியாது.

பட்டறை உரிமையாளரை வரச் சொன்னேன். நல்ல மனிதர், ஆஸ்பத்திரிச் செலவை ஏற்றுக்கொண்டவர். "மாஸ்க் வாங்கிக் குடுத்திருக்கேன் சார். இவனுங்கதான் போட மாட்டேங்கறானுங்க" என்றார்.

இங்கேதான் பாதிப்பேர் தப்புக் கணக்குப் போடுகிறார்கள், வாசகர்களே. மாஸ்க் கொடுத்ததும் தன் கடமை முடிந்தது, இனி எது நடந்தாலும் தொழிலாளியின் அசட்டை என்று நினைக்கிறார்கள். உலை அனலில் எட்டு மணி நேரம் மூக்கைக் கட்டிக்கொண்டு வேலை செய்து பாருங்கள், தெரியும்! தொழில் பாதுகாப்பு படித்தவர்கள் ஒரு வரிசை சொல்வார்கள். முதலில் அந்த ஆபத்தான பொருளே இல்லாமல் வேலை நடக்குமா என்று பார். நடக்காதென்றால், ஆபத்துக் குறைந்த பொருளுக்கு மாறு. அதுவும் முடியாதென்றால், புகையும் தூசும் மனிதனிடம் வராதபடி மூடு, உறிஞ்சி வெளியேற்று. பிறகு வேலை செய்கிற முறையை மாற்று. இத்தனையும் செய்த பிறகு மிச்சம் இருக்கிற ஆபத்துக்குத்தான் மாஸ்க்கும் கையுறையும். நம் ஊரில் வரிசையைக் கவிழ்த்துப் போட்டு, கடைசியில் வர வேண்டியதை முதலில் வைத்து, அதோடு நிறுத்திவிடுகிறோம். காரணம் எளிது. மாஸ்க் மலிவு; புகை உறிஞ்சும் இயந்திரத்துக்குச் செலவு.

அந்த உரிமையாளர் புரிந்துகொண்டார். உலைக்கு மேல் கூண்டு வைத்துப் புகையை இழுத்தார். தரையை வறண்ட துடைப்பத்தால் பெருக்குவதை நிறுத்தி, ஈரத்துணியால் துடைக்கச் சொன்னார். பட்டறைக்கு வெளியே குளியலறை கட்டினார், சோப்பு வைத்தார். வேலைத் துணியைப் பட்டறையே துவைக்கும், வீட்டுக்குப் போகாது. டீயும் பீடியும் உள்ளே கூடாது. மறு பரிசோதனையில் அப்பா, பிள்ளை இருவருக்குமே அளவு இறங்கத் தொடங்கியிருந்தது. மருந்து பாதி என்றால் குளியலறை பாதி!

ரசம் கதை தெரியுமா? சாப்பிடுகிற ரசம் இல்லை, பாதரசம். சித்த வைத்தியத்தில் அதற்கு ரசம் என்றுதான் பெயர். அறை வெப்பத்திலேயே கண்ணுக்குத் தெரியாமல் ஆவியாகும். வாசனை கிடையாது. மூச்சு வழியாகப் போய் கைநடுக்கம், ஈறு வீக்கம், மறதி, எரிச்சல், சிறுநீரகக் கோளாறு என்று ஒவ்வொன்றாகக் காட்டும். அமெரிக்காவில் நியூயார்க் மாநிலத்து வாட்டர்டவுனில் இருந்த பாதரசத் தெர்மாமீட்டர் தொழிற்சாலை 1980-களில் நம் கொடைக்கானலுக்கு இடம் மாறி வந்தது. பிறகு அது ஹிந்துஸ்தான் லீவர் வசம் ஆனது. காய்ச்சல் பார்க்கும் கருவி செய்கிற இடம், பக்கத்திலேயே சோலைக்காடு. 2001 மார்ச்சில் மூஞ்சிக்கல் பகுதிப் பழைய இரும்புக் கடையில் பாதரசம் கலந்த உடைந்த கண்ணாடி 7.4 டன் கிடப்பது வெளியே தெரிந்தது. தொழிற்சாலை மூடப்பட்டது. 2003-ல் 290 டன் கழிவைக் கப்பலேற்றி அமெரிக்காவுக்கே திருப்பி அனுப்ப வேண்டி வந்தது.

தொழிலாளர்களின் உடல்நலத்துக்குப் பாதிப்பில்லை என்பது நிறுவனத்தின் வாதம். முன்னாள் தொழிலாளர்கள் அதை ஏற்கவில்லை. பதினைந்து வருடம் இழுத்து, 2016-ல்தான் 591 பேருடன் உடன்பாடு ஆயிற்று. இதில் வேடிக்கை என்னவென்றால், அந்தப் பொருளுக்கே பிறகு அவசியம் இல்லாமல் போய்விட்டது. 2013-ல் உலக நாடுகள் செய்துகொண்ட மினமாட்டா ஒப்பந்தம் பாதரசத் தெர்மாமீட்டர்களை ஒழிக்க 2020-ஐக் கெடுவாக வைத்தது. இன்று உங்கள் வீட்டு அலமாரியில் இருப்பது பெரும்பாலும் டிஜிட்டல்தான். மேலே சொன்ன வரிசையில் முதல் படி இதுதான்!

பழைய இரும்புக் கடைக்காரருக்கு விற்றுவிட்டால் கழிவு ஒழிந்தது என்று நினைப்பது நம் தேசிய வியாதி. கழிவு தேங்கினால் உடம்பு எப்படி நோயாளி ஆகுமோ, அப்படித்தான் தொழிலும். திருப்பூரில் நொய்யலில் சாயக்கழிவு கலந்து, ஒரத்துப்பாளையம் அணைத் தண்ணீர் பயிருக்கே ஆகாமல் போன கதை ஊரறிந்தது. இன்று, நாளை என்று தள்ளிக்கொண்டே வந்து, 2011 ஜனவரியில் உயர் நீதிமன்றம் உத்தரவிட்டபோது நூற்றுக்கணக்கான சாயப்பட்டறைகள் ஒரே அடியாக மூடப்பட்டன. நாலு காசு மிச்சம் பிடிக்கப் போய் மொத்தத் தொழிலும் நின்றது.

மிச்சம் பிடிப்பது என்றதும் எனக்குப் போபால்தான் ஞாபகம் வரும். 1984 டிசம்பர் 2-ம் தேதி நள்ளிரவு, யூனியன் கார்பைடு ஆலையிலிருந்து சுமார் 40 டன் விஷவாயு வெளியேறியது. அங்கே காப்புகள் இல்லாமல் இல்லை. ரசாயனத் தொட்டியைக் குளிர்ச்சியாக வைக்கும் இயந்திரம் இருந்தது; அதைச் சில மாதம் முன்பே நிறுத்திவிட்டார்கள். வாயுவைக் கழுவிச் சுத்தப்படுத்தும் கோபுரம் இருந்தது, இயங்காமல் நின்றது. எரித்துவிடும் கோபுரமும் இருந்தது. அதற்குப் போகும் குழாய் பழுதுக்காகக் கழற்றப்பட்டிருந்தது. மூன்று பூட்டு போட்ட கதவு, மூன்றுமே திறந்து கிடந்தது! ராஜ்குமார் கேஸ்வானி என்ற உள்ளூர்ப் பத்திரிகையாளர் 1982 முதலே ஆபத்து, ஆபத்து என்று எழுதிக்கொண்டிருந்தார். யார் கேட்டார்கள்?

அதற்குப் பிறகு, 1987-ல் தொழிற்சாலைகள் சட்டத்தைத் திருத்தினார்கள். கடைசிப் பிடி யார் கையில் இருக்கிறதோ அவரே பொறுப்பு. கம்பெனி என்றால் இயக்குநர்களில் ஒருவர் பொறுப்பு என்று எழுதினார்கள். ஃபோர்மேன் மேல் பழியைப் போட்டுவிட்டு நழுவ முடியாது. அந்தப் பழைய சட்டத்தின் இடத்தில் இப்போது 2025 நவம்பர் 21 முதல் புதிய தொழில் பாதுகாப்புச் சட்டத்தொகுப்பு வந்திருக்கிறது. குறிப்பிட்ட பிரிவுத் தொழிலாளர்களுக்கு வருடம் ஒருமுறை இலவச உடல் பரிசோதனை அதில் உண்டு. பரிசோதனை நடத்துகிற நிர்வாகிகளுக்கு ஒரு வார்த்தை... ரிப்போர்ட்டை ஃபைலில் பூட்டி வைக்காதீர்கள். தொழிலாளி கையில் ஒரு பிரதி கொடுங்கள். ஒரே பிரிவில் மூன்று பேருக்கு ஒரே மாதிரி இருமல் என்றால், மூன்று பேருக்கு இருமல் மருந்து கொடுக்காதீர்கள். அந்த அறையைப் போய்ப் பாருங்கள். 'மெஷின் சத்தம் சரியில்லை', 'ஒயர் சுடுது' என்று வந்து சொல்பவனை 'உனக்கு மட்டும்தான் தெரியுமா?' என்று கடிந்துகொள்ளாதீர்கள். ஒருமுறை கடிந்தால் அடுத்தமுறை யாரும் சொல்ல மாட்டார்கள்.

இதெல்லாம் ஆலைகளுக்கு, எங்கள் துணிக்கடைக்கு என்ன என்பீர்கள். அடக்கக்கூடாத வேகங்கள் பதினான்கு என்று சித்த நூல்கள் சொல்கின்றன. சிறுநீர் அதில் ஒன்று. கடையில் வேலை செய்யும் பெண்கள் என்னிடம் நீர்க்கடுப்பு என்று வந்தால், எவ்வளவு தண்ணீர் குடிக்கிறாய் என்று கேட்பேன். "குடிக்கறதே இல்ல டாக்டர். குடிச்சா போகணும். போனா சூப்பர்வைசர் நேரம் பார்ப்பார்." இதற்கு நான் நெருஞ்சில் குடிநீர் எழுதிக் கொடுத்து என்ன பயன்? நாள் முழுக்க நின்று நின்று கெண்டைக்காலில் நரம்பு சுருண்டு புடைத்தவர்களும் இப்படித்தான். கேரளத்தில் பெண் ஊழியர்கள் போராடி 2018-ல் உட்காரும் உரிமையைப் பெற்றார்கள். 2021-ல் தமிழ்நாடும் கடைகள் நிறுவனங்கள் சட்டத்தைத் திருத்தி, ஊழியர்களுக்கு இருக்கை தர வேண்டும் என்றது. தீபாவளிக்குப் புடவை எடுக்கப் போகும்போது கவுண்டருக்குப் பின்னால் ஸ்டூல் இருக்கிறதா என்று ஒரு பார்வை பாருங்கள். இல்லையென்றால் முதலாளியிடம் கேளுங்கள். வாடிக்கையாளர் கேட்டால் மரியாதை தனி!

கடைசியாக அசோசியேஷன் செயலாளர்களுக்கு. கழிவுநீர்த் தொட்டி அடைத்துக்கொண்டால், இரண்டாயிரம் ரூபாய் பேசி ஒரு ஆளை உள்ளே இறக்குவது இன்னும் நடக்கிறது. 2013-ம் ஆண்டுச் சட்டப்படி தகுந்த பாதுகாப்புக் கருவிகள் இல்லாமல் ஆளை இறக்குவது குற்றம். இறந்தால் குடும்பத்துக்கு 10 லட்சம் என்று உச்ச நீதிமன்றம் 2014-ல் சொன்னது. 2023-ல் அதை 30 லட்சமாக உயர்த்தியது. பணத்தை விடுங்கள், உள்ளே இருப்பது என்ன? ஹைட்ரஜன் சல்பைடு. கொஞ்சமாக இருந்தால் அழுகிய முட்டை நாற்றம் அடிக்கும். அதிகமானால் மூக்கையே மரத்துப்போகச் செய்துவிடும், நாற்றம் தெரியாது. 'வாசனை இல்லையே' என்று இறங்குபவர் நாலு மூச்சில் விழுவார். தீக்குச்சி கொளுத்திச் சோதிக்கிற வழக்கம் அதைவிட ஆபத்து. மீத்தேன் இருந்தால் வெடிக்கும். முதல் ஆள் விழுந்ததும் தூக்கிவிடப் பதறி இறங்குகிற இரண்டாவது, மூன்றாவது ஆளும் அப்படியே போவதைச் செய்தித்தாளில் எத்தனை முறை படிக்கிறோம்!

உறிஞ்சும் லாரியைக் கூப்பிடுங்கள், மூடியை ஆட்கள் திறக்கும்போது குழந்தைகளைத் தள்ளி நிறுத்துங்கள். மீறி யாராவது உள்ளே விழுந்துவிட்டால் பின்னாலேயே இறங்காதீர்கள்; எட்டிப் பார்க்கக்கூடக் குனியாதீர்கள். 101 அல்லது 112-க்குப் போன் செய்து, 'தொட்டிக்குள் ஆள், உள்ளே விஷவாயு' என்று முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிடுங்கள். அப்போதுதான் மூச்சுக் கருவியோடு வருவார்கள்.