சர்வே பிழைக்கு யார் மனுப் போடுவது?

ஐந்தருவியிலிருந்து இறங்கும் ஓடையை ஒட்டி ஒரு தோப்பு இருப்பதாக வைத்துக்கொள்வோம். கிரையப் பத்திரம் 40 சென்ட் என்கிறது. செக்குபந்தியில், அதாவது நான்கெல்லை விவரத்தில், வடக்கெல்லை ஓடை. பட்டாவிலோ 15 ஏர், கணக்குப் போட்டால் 37 சென்ட்தான். புலப்படத்தில் ஓடை தோப்புக்குள் விழுந்து, வடக்குத் துண்டு புறம்போக்காகிக் கிடக்கிறது. மனைக்கும் விடுதிக்கும் நிலம் தேடுகிற குற்றாலம் வட்டாரத்தில் 3 சென்ட் சின்ன விஷயமில்லை. சங்கிலி அளவையில் ஒரு லிங்க் என்பது சுமார் 20 சென்டிமீட்டர். 100 மீட்டர் நீள எல்லை ஒரு லிங்க் தள்ளிப்போனாலே அரை சென்ட் அடுத்தவருக்குப் போய்விடும்.

இத்தகைய பிழைகளில் பெரும்பாலானவை எங்கே பிறந்தன என்பது தாலுகா ஆபீஸில் எல்லோருக்கும் தெரியும்: யுடிஆர். யுடிஆர் எனப்படும், 1979-ல் தொடங்கிய நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்தில் ஏக்கர்-சென்ட் கணக்கு ஹெக்டேர்-ஏர் ஆனது, பட்டாக்கள் புதிதாக எழுதப்பட்டன. நோக்கம் நல்லதுதான். ஆனால் பல இடங்களில் உட்பிரிவு விட்டுப்போனது, அடுத்தவர் பெயர் ஏறியது, பட்டா நிலம் புறம்போக்கானது. செங்கோட்டைப் பக்கம் இன்னும் ஒரு சிக்கல் உண்டு. 1956 நவம்பர் 1 வரை அது திருவிதாங்கூர்-கொச்சியைச் சேர்ந்தது. கொல்லம் ஆண்டு வழங்கிய நிர்வாகம் என்பதால் பழைய ஏடுகளின் ஆண்டுக் கணக்கே வேறு. பிறகு திருநெல்வேலி, 2019 நவம்பர் முதல் தென்காசி மாவட்டம்.

பிழையோடு வருகிறவரை "சிவில் கோர்ட்டுக்குப் போங்க" என்று அனுப்பிவிடுவது சுலபம். பட்டா உரிமையைத் தராது, அது வருவாய்ப் பதிவு மட்டுமே என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லிவிட்டது. ஆகவே யாருக்குச் சொந்தம் என்ற சண்டை நீதிமன்றத்துக்குத்தான் போகவேண்டும். ஆனால் மேற்படி தோப்பில் அப்படி ஒரு சண்டையே இல்லையே! பழைய பதிவேட்டில் 40, புதியதில் 37 என்றால் அது எழுத்துப் பிழை. அளந்து எழுதியது அரசு, பழைய ஏடும் அரசின் கையில். நிரூபிக்கும் சுமை மட்டும் ஏன் பட்டாதாரர் தலையில்? யுடிஆருக்கு முந்தைய அ-பதிவேட்டையும் (கிராம நிலப் பதிவேடு) இன்றைய பதிவேட்டையும் கிராமவாரியாக ஒப்பிட்டு, வேறுபடும் சர்வே எண்களை ஆண்டுதோறும் நடக்கும் ஜமாபந்தியில் அரசே வெளியிட வேண்டும். மனு வரட்டும் என்று காத்திருக்கக் கூடாது.

அதிகாரியிடம் திருத்தும் உரிமையைக் கொடுத்தால் பக்கத்து நிலத்தைத் தின்றுவிடமாட்டாரா என்று கேட்பார்கள். நியாயமான பயம். அதற்குத்தான் பட்டியல் ஊரறிய வெளியாக வேண்டும், இரு தரப்புக்கும் நோட்டீஸ் போக வேண்டும், ஆட்சேபம் வந்த எண் தனியே நிற்க வேண்டும். 1923-ஆம் ஆண்டு நில அளவை, எல்லைச் சட்டப்படி அறிவிக்கை வெளியானால் எல்லை முடிவானதுதானே என்பது அடுத்த வாதம். அதே சட்டம் 3 ஆண்டுக்குள் வழக்குத் தொடுக்கவும் இடம் தருகிறது. அறிவிக்கையையே பார்க்காதவருக்கு அந்தக் கெடு என்ன பயன்? செயற்கைக்கோள் உதவியோடு மறுபடி அளந்தால் தீராதா என்றால், கருவி வேலி நிற்கும் இடத்தைத் துல்லியமாகச் சொல்லும், வேலி நிற்கவேண்டிய இடத்தைச் சொல்லாது. ஆந்திரம் மறுஅளவையோடு 2022-ல் நில உரிமைச் சட்டமும் கொண்டுவந்தது. உரிமையை அதிகாரியே முடிவு செய்வார் என்ற அச்சம் தேர்தல் வரை போய், 2024-ல் அந்தச் சட்டமே நீக்கப்பட்டது. நான் சொல்வது உரிமையை அதிகாரி தீர்மானிப்பது அல்ல, தன் நகல் பிழையை அரசு தானே திருத்திக்கொள்வது.

அதுவரை தோப்புக்காரர் செய்யக்கூடியது உண்டு. பழைய அ-பதிவேட்டின் சான்றிட்ட நகல், பழைய புலப்படம், மூலப் பத்திரம் மூன்றையும் முதலில் வாங்கிவிட வேண்டும். பரப்பும் நான்கெல்லையும் முரண்பட்டால் பொதுவாக எல்லையே மேலோங்கும் என்று 2006-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருப்பதால், 40 சென்ட் என்ற எண்ணைவிட 'வடக்கே ஓடை' என்ற வரிதான் அவருக்குப் பலம். அந்த ஓடை இடம் மாறியிருக்கிறதா என்பதை சர்வேயர் வரும்போது அண்டை நிலத்தார் முன்னிலையில் கேட்டுப் பதியவைப்பது நல்லது.