கொழுந்துக்கு ஒரு வெட்டு, மலருக்கு ஒரு வெட்டு

பண்டாரவளையிலிருந்து பூனாகலைக்குச் செல்லும் மலைப்பாதையின் இருமருங்கும் தேயிலை நிரைகளே. அவற்றின் நடுவே லயங்கள் தோன்றுமிடங்களில் வாசற்படியை ஒட்டிச் சிறு பூந்தோட்டங்களைக் காணலாம். ரோஜா, டேலியா, செவ்வந்தி ஆகியவற்றோடு, பந்து பந்தாய்ப் பூக்கும் ஐதரேஞ்சியாவும் அங்கே இடம் பெறும். பகலெல்லாம் தோட்டத்தின் செடிகளைப் பேணும் கைகள், மாலையில் தமக்கென்று பேணும் செடி இது. ஆயினும் சில வாசல்களில் அது இலை தழைத்துச் செழித்து நிற்குமேயன்றி ஆண்டுக்கணக்கில் பூப்பதில்லை. இதற்குக் கைராசியைக் குறை கூறுவாருண்டு, மண்ணைப் பழிப்பாருமுண்டு. பெரும்பாலும் குற்றம் இவ்விரண்டிலுமில்லை. கத்தி விழுந்த காலத்திலேதான் இருக்கிறது.

மேலைநாடுகளில் இதே குறைக்கு ஆளாவது லைலாக் என்னும் செடி. பால்கன் நாட்டு மலைகளுக்குரிய அது, 16ஆம் நூற்றாண்டில் துருக்கி வழியாக மேற்கு ஐரோப்பாவை அடைந்து, அங்குள்ள வீட்டுத் தோட்டங்களின் செல்வமாயிற்று. நீண்ட பனிக்குளிரில் உறங்கி எழுந்தாலன்றி அது நன்கு பூவாது. சுண்ணாம்புச் சத்துள்ள மண்ணையே அது விரும்பும். ஆதலின் ஊவா மலைகளின் குளிரும் புளித்த தேயிலை மண்ணும் அதற்கு ஏலா. ஆனால் லைலாக்குக்கு உரிய விதியொன்று ஐதரேஞ்சியாவுக்கும் உண்டு. அவ்விதியை அறிந்தவர் இரண்டையும் பூக்கச் செய்வர்.

அவ்விதி யாது? இவ்வாண்டு மலரும் பூவின் மொட்டு இவ்வாண்டு தோன்றியதன்று; முந்தைய பருவத்தில் வளர்ந்த கிளையின் நுனியில் முன்னரே கருக்கொண்டது. ஐதரேஞ்சியாவின் பழைய வகைகளில், இரவுகள் குளிர்ந்திருக்கும் காலத்தில் கிளைநுனியில் இம்மொட்டு உருவாகிறது. உற்று நோக்கினால், இலைமொட்டு மெலிந்து கூராகவும் பூமொட்டு பருத்து உருண்டும் இருப்பதைக் காணலாம். தீபாவளிக்கோ தைப்பொங்கலுக்கோ வீட்டுக்கு வெள்ளையடிக்கும் வேளையில், வாசற்செடியையும் ஒழுங்குபடுத்துவோம் என்று நுனிகளை ஒட்ட நறுக்கிவிடுவோர் உளர். செடி அழகாகத் தோன்றும். ஆனால் வரவிருந்த பூக்கள் யாவும் குப்பையோடு போய்விடும். ஒரு நிமிட வெட்டில் ஓர் ஆண்டின் மலர்ச்சி அழிகிறது.

இத்தவறு இயல்பானதே. தேயிலையில் பயின்ற கைக்கு அதுதான் முறை. தேயிலை, வெட்டாது விட்டால் மரமாக வளர்ந்து பூத்துக் காய்க்கும். பூவும் காயும் தோட்டத்துக்கு இழப்பு, வேண்டுவது கொழுந்து. ஆதலால் ஏறத்தாழ 3 முதல் 5 ஆண்டுகளுக்கு ஒருமுறை கவ்வாத்துச் செய்து, மூப்படையவிடாது செடியை இளமையிலேயே நிறுத்துகின்றனர். பூச்செடிக்கோ முதிர்ந்த கிளையே மூலதனம். கொழுந்துக்கு வெட்டுவது பூவைத் தடுப்பதற்கு. மலருக்கு வெட்டுவது பூவைக் காப்பதற்கு. கத்தி ஒன்றே, நோக்கம் வேறு.

அங்ஙனமாயின் ஐதரேஞ்சியாவை எப்பொழுது வெட்டுவது? பூக்கள் வாடியவுடனேயே வெட்டுதல் வேண்டும். வாடிய பூங்கொத்துக்குக் கீழே, முதலில் காணப்படும் திரண்ட மொட்டிணைக்குச் சற்று மேலாக நறுக்கினால் போதும். பூக்காத கிளைகளின் நுனியைத் தொடலாகாது. செடி முதுமையுற்று நெருங்கிவிட்டால், மிகப் பழைய தண்டுகளுள் மூன்றிலொரு பங்கை மட்டும் அடியோடு அகற்றி, அடுத்த ஆண்டுகளில் எஞ்சியவற்றை அவ்வாறே நீக்கலாம். இவ்வாறு செய்தால் செடியும் புதுப்பிக்கப்படும், பூவும் தடைப்படாது.

கத்தியைப் போலவே உரத்திலும் வேறுபாடு உண்டு. தேயிலைக்கு இடும் உரக்கலவையில் தழைச்சத்து மிகுதி. இலையைப் பெருக்குவதே அதன் வேலை. அதையே பூச்செடிக்கு அள்ளி இட்டால் இலை பெருகும், பூ குறையும். நன்கு மக்கிய சாணமும் இலையுரமும் ஐதரேஞ்சியாவுக்குப் போதுமானவை. காலை வெயில் படவேண்டும்; நண்பகலுக்குப் பின் நிழல் வேண்டும். ஊவாவில் ஆடி, ஆவணி மாதங்களில் வீசும் வறண்ட காற்றுத் தேயிலைக்கு நறுமணத்தை ஊட்டுவதாயினும், அகன்ற இலையுடைய இச்செடியை வாட்டிவிடும். அப்பருவத்தில் அடியில் காய்ந்த சருகைப் பரப்பி, வேரில் ஈரம் காக்க வேண்டும். ஆனால் சரிவான இடங்களில் பெரும்பாத்தி கட்டி நீரைத் தேக்குதல் கூடாது. மழைநீர் கான் வழியே ஓடிவிட வேண்டும்.

நீலமாகப் பூத்த செடி பின்னர் இளஞ்சிவப்பாக மாறுவது கண்டு வியப்பவர் பலர். புளித்த மண்ணில் அலுமினியம் கரைந்து வேர்வழியாகப் பூவை அடையும்போது நீலம் பிறக்கிறது. தேயிலை மண் அத்தகையதே. அடுப்புச் சாம்பலோ, வெள்ளையடித்த சுண்ணாம்போ அடியில் சேர்ந்தால் மண்ணின் புளிப்புக் குறையும். நீலமும் சிவப்பை நோக்கி நகரும். நிறம் மாறுவது நோயன்று; மண் தரும் செய்தி. வேறோர் எச்சரிக்கையும் உண்டு. இதன் இலை நஞ்சுடையது. ஆடுமாடுகள் தின்னாதவாறு காத்தல் வேண்டும்.

இச்செடியைப் பெருக்குவது எளிது. பூக்காத இளங்கிளையில் இரண்டு கணுக்களோடு ஒரு சாண் நீளத்துக்கும் குறைவான துண்டை வெட்டி, அடியிலைகளை நீக்கி, ஈரமண்ணில் ஊன்றி நிழலில் வைத்தால் வேர்விடும். தேயிலை நாற்றுமேடையில் ஓரிலைத் துண்டுகளை நட்டுப் பழகிய பெண்களுக்கு இது புதிய வித்தையன்று.

2014ஆம் ஆண்டு அக்டோபர் 29ஆம் நாள், கொஸ்லந்தையை அடுத்த மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. உயிர் தப்பிய குடும்பங்களுக்காகப் பின்னர்ப் பூனாகலைத் தோட்டப் பகுதியில் புதிய வீடுகள் எழுந்தன. வேறு தோட்டங்களிலும், 7 பேர்ச்சஸ் காணியில் தனிவீடு பெற்றுச் சென்றோர் உளர்; லயங்களிலேயே காத்திருப்போர் அவர்களினும் பலர். புதுவாசலில் குடிபுகுவோர் பழைய செடியைத் தோண்டிச் செல்ல வேண்டியதில்லை. அயலார் ஒடித்துக் கொடுக்கும் ஒரு துண்டே போதும். அது வேர்விட்டு வளர்ந்தபின், பூ வாடும்வரை கத்தியை எடுக்காதிருக்கும் பொறுமையொன்றே வேண்டுவது. அப்பொறுமை உடையவர் வாசலில் ஆண்டுதோறும் நீலப் பந்துகள் தவறாது மலரும்.