இல்லாத விண்மீன்கள்: உப்பளத்துக்கு வரும் ராகு

1859-இல் லெவெரியே கணக்கில் பிறந்த வல்கன் கோள் 1915-இல் ஐன்ஸ்டைன் கணக்கில் மறைந்ததைச் சென்ற வாரம் பார்த்தோம். மறந்தவர்கள் பழைய இதழைப் புரட்டிக்கொள்ளுங்கள். இந்த வாரம் சென்னை வானாய்வகத்தின் கேப்டன் ஜேக்கப்பைப் பற்றி எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். அதற்குள் ஒரு 41 விநாடி குறுக்கே வந்து நின்றுவிட்டது. அதை எழுதாமல் வேறெதையும் எழுத முடியவில்லை.

உப்பளங்கள் சூழ்ந்த நம் மரக்காணத்திலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் தெற்கே ஒரு மணி நேரம் போனால் புதுச்சேரி. 1768 மார்ச்சில் அங்கே வந்து இறங்கினார் பிரெஞ்சு வானியலாளர் லெ ஜாந்தீ. சூரியனைச் சுக்கிரன் கடப்பதைப் பார்க்க 1760-இலேயே பிரான்சிலிருந்து புறப்பட்டவர். 1761-இல் புதுச்சேரி ஆங்கிலேயர் வசம் போய்விட்டதால், முதல் கடப்பின்போது அவர் ஆடும் கப்பலில் இருந்தார். உருப்படியாக எதையும் அளக்க முடியவில்லை. அடுத்த கடப்புக்காக எட்டு ஆண்டுகள் கீழைக் கடல்களிலேயே கழித்தார். 1769 ஜூன் 4 காலை, வேண்டிய நேரத்தில் மேகம் மூடியது. ஊர் திரும்பினால், அவர் இறந்துவிட்டதாக எண்ணிச் சொத்தைப் பங்குபோட உறவினர்கள் தயாராக இருந்தார்கள். இந்தத் துயரக் கதையை உலகமே சொல்கிறது. புதுச்சேரியில் அவருக்குக் கிடைத்ததை மட்டும் யாரும் அதிகம் சொல்வதில்லை.

அங்கே ஒரு தமிழரிடம் அவர் கிரகணக் கணிதம் கற்றார். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணம் எவ்வளவு நேரம் நீடித்தது என்பதைத் தமிழ் முறையில் போட்டுப் பார்த்தார்கள். உண்மை அளவுக்கு 41 விநாடிதான் குறைந்தது. அன்று ஐரோப்பாவில் தலைசிறந்ததாகக் கருதப்பட்ட டோபியாஸ் மேயரின் அட்டவணையோ 68 விநாடி கூடுதலாகக் காட்டியது.

அந்தக் கணக்குக்குள் உட்கார்ந்திருப்பது ராகு. தொலைநோக்கியில் அகப்படாத, எடையும் ஒளியும் இல்லாத, நிழல் கிரகம் என்று நாம் பெயர் சூட்டிய ஒன்று. நிலவின் பாதை சூரியன் செல்லும் பாதைக்குச் சுமார் 5 பாகை சாய்ந்திருக்கிறது. இரண்டும் வெட்டிக்கொள்ளும் இரு புள்ளிகளே ராகுவும் கேதுவும். பௌர்ணமி நிலா அந்தப் புள்ளிக்கு எவ்வளவு அருகில் இருக்கிறதோ, அவ்வளவு நேரம் கிரகணம் நீடிக்கும். ராகுவின் இடத்தைத் தப்பாகப் போட்டிருந்தால் 41 விநாடி எங்கே வந்திருக்கும்? 2025 செப்டம்பர் 7 இரவு நிலா 82 நிமிடம் முழுதாக மறைந்து சிவந்ததே, அன்று பஞ்சாங்கத்தில் ராகு, சந்திரன் இருவரும் கும்பத்தில்தான்.

அந்தப் புள்ளிகள் பின்னோக்கி நகர்ந்து வானத்தை ஒருமுறை சுற்ற 18.6 ஆண்டு ஆகிறது. பன்னிரண்டு ராசிக்கு வகுத்தால் ராசிக்கு ஒன்றரை ஆண்டு சொச்சம். திருநாகேஸ்வரத்திலும் கீழப்பெரும்பள்ளத்திலும் ராகு கேது பெயர்ச்சிக்குக் கூட்டம் சேர்வது இந்தக் கணக்குப்படிதான்.

அமுதம் கடைந்தபோது தேவர் வரிசையில் புகுந்த அசுரனைச் சூரியனும் சந்திரனும் காட்டிக்கொடுக்க, தலை ராகுவாகவும் உடல் கேதுவாகவும் வெட்டுண்டான் என்பது புராணம். குறுந்தொகையிலேயே நிலவைப் பாம்பு விழுங்குகிறது. கிரகணம் நிழலால் வருவது என்று 499-இல் ஆரியபட்டர் எழுதிவிட்டார். அதன் பிறகும் நம்மவர் பாம்பைத் துரத்தவில்லை, கணக்கையும் கைவிடவில்லை. இது அறியாமை என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. கதை மக்களிடம் இருந்தது, கணக்கு ஏட்டில் இருந்தது, இரண்டுக்கும் பெயர் ஒன்றாக இருந்தது.

இன்னொரு புதுச்சேரிக் கதையும் உண்டு. சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய ஜான் வாரன், 'கால சங்கலிதா' என்ற நூலை 1825-இல் வெளியிட்டார். புதுச்சேரியில் பஞ்சாங்கம் கணிக்கும் தமிழர் ஒருவர் தரையில் சோழிகளைப் பரப்பி, எண்களைச் சொற்களில் பொதிந்த மனப்பாட வாக்கியங்களைக் கொண்டே அவ்வாண்டு மே 31 இரவுச் சந்திர கிரகணத்தைக் கணித்ததை அவர் பதிவு செய்திருக்கிறார். எழுதுகோல் இல்லை, தாள் இல்லை. தொடக்கம் 4 நிமிடம் பிசகியது; முடிவு 52 நிமிடம் பிசகியது. லெ ஜாந்தீக்குக் கிடைத்த துல்லியம் இதில் இல்லைதான். ஆனால் பல நூற்றாண்டுப் பழைய வாய்பாடு ஒரு மனிதர் நினைவிலேயே ஓடிக்கொண்டிருந்ததே, அதுதான் என்னை அசைத்தது.

மரக்காணத்துக்கு வருகிறேன். பக்கிங்காம் கால்வாய் முடியும் ஊர் இது. கழிமுகத்தில் ஓதம் நாளுக்கு இருமுறை ஏறி இறங்குகிறது. அமாவாசைக்கும் பௌர்ணமிக்கும் உயரம் கூடும் என்பது இந்தக் கரையில் குழந்தைக்கும் தெரியும். இந்த ஓதத்துக்குள்ளும் ராகு இருக்கிறார். துறைமுகங்களுக்கு ஓத அட்டவணை தயாரிப்பவர்கள் நிலவுப் பாதையின் வெட்டுப்புள்ளி எங்கே என்று பார்த்துத்தான் திருத்தம் போடுகிறார்கள். நிலவால் வரும் முதன்மை ஓதம் அந்த 18.6 ஆண்டுச் சுற்றில் 4 விழுக்காடு வரை கூடிக் குறைகிறது. ஓதமே ஒரு மீட்டர் அளவில் இருக்கும் நம் கரையில் இது சில சென்டிமீட்டர்தான். வல்கனுக்கு இன்று எந்த அட்டவணையிலும் இடமில்லை. ராகுவுக்கு இருக்கிறது.

ஜேக்கப் அடுத்த வாரம். 1855-இல் 70 ஒஃபியூக்கி என்ற இரட்டை விண்மீனின் ஓட்டத்தில் அவர் கண்ட பிசகும், அங்கே ஒரு கோள் இருக்கலாம் என்று அவர் துணிந்து எழுதியதும் முழுதாக வரும்.

அதற்கு முன் ஒரு வேண்டுகோள். மரக்காணம், திண்டிவனம், புதுச்சேரிப் பக்கம் உங்கள் வீட்டுப் பரணில் கணித ஏட்டுச்சுவடிகள் இருந்தால் போகிக்கு எரித்துவிடாதீர்கள். சோழி வைத்துக் கணித்த பெரியவர்கள் யாரையாவது நீங்கள் பார்த்திருந்தால், அவர்கள் சொன்ன வாக்கியங்களில் ஒன்றிரண்டாவது நினைவிருந்தால், இதழின் முகவரிக்கு எழுதி அனுப்புங்கள்.