மடங்கிய கை எறிகிறதா? லக்கல மைதானத்தில் ஒரு பௌதிகப் பாடம்

மாத்தளையிலிருந்து றத்தோட்டை, ரிவஸ்டன் வழியாக லக்கலவுக்குப் போகும் பாதையில் வளைவுகளுக்குக் குறைவில்லை. என் அம்மாவும் அப்பாவும் 1977 வன்செயலுக்குப் பிறகு இந்த மலையடிவாரத் தோட்டமொன்றை விட்டு வன்னிக்குப் போனவர்கள். பெரியம்மா குடும்பம் மட்டும் லயத்திலேயே தங்கிவிட்டது. நான் கிளிநொச்சியில் பிறந்தேன். யுத்தம் முடிந்து பல வருடங்களுக்குப் பிறகுதான் பெரியம்மாவின் வீட்டு வாசலை முதன்முதலாக மிதித்தேன். அதன்பின் பாடசாலை விடுமுறை கிடைக்கும்போதெல்லாம் போய்வருகிறேன்.

கடைசியாகப் போனபோது அக்காவின் மகன் என்னை லக்கலவுக்கு ஒரு மென்பந்துத் துடுப்பாட்டப் போட்டி பார்க்கக் கூட்டிப்போனான். லக்கல பக்கம் தமிழ்க் குடும்பங்கள் குறைவு. மைதானத்தில் கேட்டதெல்லாம் சிங்களம்தான். களு கங்கை நீர்த்தேக்கத்துக்காகப் பழைய ஊரிலிருந்து எழுப்பப்பட்டுப் புதிய நகரத்தில் குடியேற்றப்பட்டவர்கள் பலர் அங்கே இருந்தார்கள். ஊர் இழப்பது என்றால் என்ன என்று அவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அவர்களுடையது அணைக்கட்டால் வந்தது, எங்களுடையது ஷெல்லால் வந்தது என்பதுதான் வித்தியாசம்.

ஒரு அணிக்கு ஆள் குறைந்தது. மருமகன் என்னைத் தள்ளிவிட்டான். "மாமா, நீங்க ஒரு ஓவர் போடுங்க" என்றான். நான் மறுத்தேன். காரணம் அவனுக்குத் தெரியாது.

2009 இன் தொடக்கத்தில் வன்னியில் என் வலது முழங்கையில் ஷெல் துண்டு ஒன்று பாய்ந்தது. உயிர் தப்பியது, கையும் தப்பியது. ஆனால் முழங்கை மூட்டு ஒரு கோணத்தில் இறுகிவிட்டது. அதை முழுதாக நீட்டவும் முடியாது, முழுதாக மடக்கவும் முடியாது. மீள்குடியேறிய பின் ஊர்ச் சுற்றுப்போட்டி ஒன்றில் பந்துவீசினேன். மூன்றாவது பந்திலேயே நடுவர் கையை நீட்டி 'நோ போல்' என்றார். "மடக்கின கையால எறியிறாய்" என்றார். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். அன்றோடு விட்டதுதான்.

நான் இப்போது விஞ்ஞானம் படிப்பிக்கும் ஆசிரியன். அந்த நடுவர் சொன்னது பிழை என்பது எனக்குத் தெரியும். ஏன் பிழை என்பதை என்னைப் போன்ற கைகளோடு வாழும் பிள்ளைகளுக்காகவும், அவர்களுக்கு விளையாட்டுப் பழக்கும் ஆசிரியர்களுக்காகவும் எழுதுகிறேன்.

சட்டம் உண்மையில் என்ன சொல்கிறது?

துடுப்பாட்டச் சட்டத்தில் கை மடங்கியிருக்கக் கூடாது என்று எங்கும் இல்லை. பந்து வீசும்போது கை தோள்மட்டத்துக்கு வந்த கணத்திலிருந்து பந்து கையை விட்டுப் போகும் வரை முழங்கை மூட்டு நேராக்கப்படக் கூடாது என்பதே விதி. மணிக்கட்டை எப்படியும் மடக்கலாம், சுழற்றலாம். ஆகவே குற்றம் கோணத்தில் இல்லை, கோணம் மாறுவதில் இருக்கிறது. 30 பாகை மடங்கிய கை முழு வீச்சிலும் 30 பாகையிலேயே இருந்தால் அது சுத்தமான பந்துவீச்சு. பார்க்க நேராக இருக்கும் கை, இடையில் 20 பாகை மடங்கி மீண்டும் நீண்டால் அது எறிதல்.

நீட்டவே முடியாத ஒரு மூட்டு எப்படி நீண்டு எறியும்?

இந்தக் கேள்வியை உலகம் முழுவதும் கேட்க வைத்தவர் கண்டியைச் சேர்ந்த முத்தையா முரளிதரன். அவருடைய அரசியல் பேச்சுகள் பற்றி நம்மில் பலருக்குக் கசப்பு உண்டு. 2020 இல் அவரது வாழ்க்கைப் படம் பற்றிய செய்தி வந்தபோது அது வெளிப்படையாகவே வெடித்தது. அந்தக் கசப்பை நான் மறுக்கவில்லை. இங்கே நான் எடுத்துக்கொள்வது அவருடைய முழங்கையை மட்டும்தான். தோட்டத் தொழிலுக்காகத் தமிழ்நாட்டிலிருந்து வந்த குடும்பத்தின் பேரன் அவர். அவரது முழங்கை பிறப்பிலேயே முழுமையாக நேராகாதது.

1995 டிசம்பர் 26 அன்று மெல்பேர்ண் மைதானத்தில் நடுவர் டரல் ஹெயார் அவருடைய பந்துகளை ஏழு தடவை 'நோ போல்' என்றார். 1999 ஜனவரியில் அடிலெயிட்டில் ரொஸ் எமர்சன் மீண்டும் அப்படிச் செய்தபோது, தலைவர் அர்ஜுன ரணதுங்க அணியை எல்லைக்கோடு வரை கூட்டிச் சென்றார். இடையில் 1996 இல் மேற்கு அவுஸ்திரேலியப் பல்கலைக்கழகத்திலும் ஹொங்கொங்கிலும் அவரது கை கருவிகளால் அளக்கப்பட்டிருந்தது. எறிவதுபோலத் தெரிவது ஒரு கண்மயக்கம் என்பதே முடிவாக இருந்தது.

ஒரு கம்பித் துண்டும் வெயிலும்

கண் எப்படி ஏமாறுகிறது என்பதை வீட்டு முற்றத்திலேயே பார்க்கலாம். ஒரு கம்பித் துண்டை நடுவில் மடக்குங்கள், முழங்கை போல. அதை வெயிலில் பிடித்து மெதுவாகச் சுழற்றுங்கள். தரையில் விழும் நிழலைப் பாருங்கள். ஒரு நிலையில் நிழல் நன்றாக மடங்கித் தெரியும். இன்னும் கொஞ்சம் திருப்பினால் நிழல் நேர்கோடாகிவிடும். மேலும் திருப்பினால் திரும்ப மடங்கும். கம்பி மாறவே இல்லை. நிழல் மட்டும் 'நீண்டு மடங்குகிறது'.

தொலைக்காட்சிப் படம் ஒரு நிழல்தான். மூன்று பரிமாணத்தில் நடப்பதை இரண்டு பரிமாணத் திரையில் தட்டையாக்கிக் காட்டுகிறது. தூரத்தில் நிற்கும் நடுவரின் கண்ணும் ஒரு திசையிலிருந்துதான் பார்க்கிறது. மடங்கிய கை தோளைச் சுற்றி வரும்போது, கம்பியின் நிழல் போலவே அது நீள்வதாகத் தோன்றும். நேரான கம்பிக்கு இந்தச் சிக்கல் இல்லை. எந்தப் பக்கம் திருப்பினாலும் அதன் நிழல் நேர்தான். அதனால்தான் நேரான கைக்காரர்கள் சந்தேகத்துக்கு உள்ளாவதில்லை, மடங்கிய கைக்காரர்கள் எப்போதும் உள்ளாகிறார்கள்.

2004 இல் முரளி தன் முழங்கை அசைய முடியாதபடி இறுக்கமான கவசம் ஒன்றைப் போட்டுக்கொண்டு கமெராவின் முன் பந்துவீசிக் காட்டினார். வழக்கமான பந்தும் திரும்பியது, 'தூஸ்ரா'வும் திரும்பியது. பார்ப்பவர்களுக்கு அப்போதும் அது எறிவதுபோலவே தெரிந்தது.

இன்னொரு பக்கத்தையும் சொல்ல வேண்டும். அதே வருடம் 'தூஸ்ரா'வை ஆய்வுகூடத்தில் அளந்தபோது, முழங்கை ஏறத்தாழ 14 பாகை நீள்வது தெரிந்தது. பயிற்சியின் பின் அது 10 பாகையளவுக்குக் குறைந்தது. சுழற்பந்துக்கு அன்றிருந்த எல்லை 5 பாகை. ஆனால் மற்றப் பந்துவீச்சாளர்களையும் அதிவேகக் கமெராக்களால் அளந்தபோது, 'சுத்தமான கை' என்று புகழப்பட்டவர்கள் உட்பட ஏறக்குறைய எல்லோருடைய முழங்கையும் ஓரளவு நீள்வது வெளிவந்தது. 15 பாகைக்குக் குறைந்த மாற்றத்தை வெறுங்கண்ணால் பிடிப்பதும் கடினம். ஆகவே 2005 இல் சர்வதேச கிரிக்கெட் பேரவை எல்லோருக்கும் ஒரே எல்லையாக 15 பாகையை வைத்தது. முரளிக்காகச் சட்டத்தை வளைத்தார்கள் என்று சொல்வோர் இன்றும் உண்டு. அளந்து பார்த்தபோது பழைய எல்லையை மீறியோர் பலர் என்று தெரிந்ததே நடந்த விடயம்.

பந்து ஏன் காற்றில் விலகுகிறது?

முரளியின் பந்து ஏன் அவ்வளவு திரும்பியது என்பதற்கும் மடங்கிய கைக்கும் தொடர்பு உண்டு. தையல் இயந்திரத்தின் கைபிடியை நினைத்துப் பாருங்கள். அது அச்சிலிருந்து விலகி இருப்பதால்தான் சுழற்ற முடிகிறது. மேல்கை தன் அச்சில் உருளும்போது நேரான கையில் அந்த உருளல் பந்துக்கு அதிகம் உதவாது. மடங்கிய கையில் முன்கை கைபிடிபோல வேலை செய்து அந்த அசைவைப் பந்துக்குக் கொடுக்கும். இதோடு அவரது அசாதாரணமாக வளையும் மணிக்கட்டும் சேர்ந்தது.

சுழலும் பந்து தன் மேற்பரப்போடு ஒட்டிய காற்றையும் இழுத்துக்கொண்டு சுழல்கிறது. அதனால் பந்தின் பின்னால் காற்று நேராகப் போகாமல் ஒரு பக்கமாக வீசப்படுகிறது. காற்றை ஒரு பக்கம் தள்ளினால், நியூட்டனின் மூன்றாம் விதிப்படி பந்து மறுபக்கம் தள்ளப்படும். டென்னிஸ் பந்து வளைந்து போவதை நியூட்டனே 1672 இல் குறிப்பிட்டிருக்கிறார். 19ஆம் நூற்றாண்டில் இதை ஆராய்ந்த ஜேர்மானியரின் பெயரால் இன்று மாக்னஸ் விளைவு என்கிறோம். பந்தின் மேற்பக்கம் முன்னோக்கிச் சுழன்றால் காற்று மேலே வீசப்படும், பந்து எதிர்பார்த்ததை விட முன்னதாகக் கீழே விழும். துடுப்பாட்ட வீரர் முன்னே வந்து ஏமாறுவது இதனால்தான்.

ஓஃப் ஸ்பின் பந்தின் சுழல் அச்சு பெரும்பாலும் பந்து போகும் திசையை ஒட்டியே இருக்கும். அப்படி இருக்கும்வரை காற்றில் பக்கவிசை மிகக் குறைவு. ஆனால் பந்து மேலே போய்க் கீழிறங்கத் தொடங்கியதும் அதன் பாதை சரிகிறது, அச்சு சரிவதில்லை. இரண்டுக்கும் இடையே கோணம் உண்டாகிறது. உடனே பக்கவிசை பிறந்து, வலக்கை ஆட்டக்காரரை விட்டு வெளியே பந்து மெல்ல நகர்கிறது. தரையில் பட்டதும் உராய்வு அதை உள்ளே திருப்புகிறது. காற்றில் வெளியே, நிலத்தில் உள்ளே. துடுப்பாட்ட வீரருக்குக் கிடைப்பது அரை விநாடி அல்லது சற்றுக் கூடுதலான நேரம். அதற்குள் அவர் இரண்டு முறை ஏமாற வேண்டியிருக்கிறது.

மெனிக் பாம் முகாமில் நாங்கள் தையல் விட்ட பந்தொன்றில் கரப்பந்து விளையாடினோம். சுழற்றாமல் உள்ளங்கையால் தட்டி அனுப்பும் 'சேர்வ்' காற்றில் இப்படியும் அப்படியும் ஆடும். பந்து பழசானதால் ஆடுகிறது என்று நினைத்தோம். புதுப் பந்தும் ஆடும். சுழலாத பந்தில் தையல் எந்தப் பக்கம் இருக்கிறதோ, அதற்கேற்பக் காற்றோட்டம் ஒரு பக்கத்தில் முந்தியும் மறுபக்கத்தில் பிந்தியும் பிரிகிறது. பந்து சற்றே திரும்பினாலும் இந்தச் சமநிலை மாறிவிடும், தள்ளும் திசையும் மாறிவிடும். புதிய தோல்பந்து 'ஸ்விங்' ஆவதும் இதன் உறவுதான். சரித்துப் பிடித்த தையல், தன் பக்கத்துக் காற்றைக் குழப்பி நீண்டநேரம் பந்தோடு ஒட்டவைக்கிறது. பந்து தையல் காட்டும் திசைக்கு நகர்கிறது.

இதெல்லாம் காற்றின் வேலை என்பதால் இடமும் முக்கியம். கடல்மட்டத்தில் ஒரு கன மீற்றர் காற்றின் நிறை ஏறத்தாழ 1.2 கிலோகிராம். ஆயிரம் மீற்றர் ஏறினால் அது பத்து வீதம் அளவில் குறையும். ரிவஸ்டன் உச்சிப்பக்கம் ஒரு மைதானம் இருந்தால், பந்து யாழ்ப்பாணத்தில் வளைவதை விடக் கொஞ்சம் குறைவாக வளையும், அடித்தால் கொஞ்சம் கூடுதலாகப் போகும். மழைக்காற்று 'கனமானது', அதனால் பந்து வளைகிறது என்பார்கள். உண்மை எதிர்மாறு. நீராவியின் மூலக்கூறு நைதரசனை விட இலேசானது. ஈரக்காற்று உலர்காற்றை விட அடர்த்தி குறைந்தது.

அந்த ஒரு ஓவர்

மைதானத்து ஓரத்தில் மருமகனுக்கு இதைக் கம்பித் துண்டு ஒன்றை வைத்துக் காட்டிக்கொண்டிருந்தேன். நடுவராக நின்ற நடுத்தர வயதுக்காரர் பக்கத்தில் வந்து நின்றார். மருமகன் சிங்களத்தில் மொழிபெயர்த்தான். அவர் கம்பியை வாங்கித் தானே சுழற்றினார். நிழல் நேராகி மறுபடி மடங்குவதைப் பார்த்தார். பிறகு என் கையைப் பிடித்து முழங்கையை மெதுவாக நீட்டிப் பார்த்தார். அது நீளவில்லை. காயம் எப்படி வந்தது என்று கேட்டார். மருமகன் என்னைப் பார்த்தான். "யுத்தத்தில" என்றேன். தலையை ஆட்டினார். பந்தை என் கையில் வைத்தார்.

முதல் பந்தை வலப்பக்கம் அகலமாகப் போட்டேன். இரண்டாவதை ஒரு பையன் ஆறு ஓட்டத்துக்கு அடித்தான். நாலாவது பந்து கொஞ்சம் திரும்பியது. அவர் கையை நீட்டவே இல்லை.

விளையாட்டு ஆசிரியர்களுக்கும் ஊர்ப் போட்டி நடத்துவோருக்கும் ஒரு வேண்டுகோள். காயத்தால் மடங்கிய கையோடு ஒரு பிள்ளை பந்துவீச வந்தால், முதலில் அந்த முழங்கை எவ்வளவு நீளும் என்று பிடித்துப் பாருங்கள். நீளவே நீளாது என்றால் சந்தேகத்துக்கு இடமே இல்லை. கொஞ்சம் நீளும் என்றால் கைத்தொலைபேசியால் முன்னிருந்தும் பக்கத்திலிருந்தும் மெதுவோட்டத்தில் படம் பிடியுங்கள். ஒரே பக்கத்துப் படத்தை நம்பாதீர்கள், அது வெறும் நிழல். நம் பிள்ளைகளின் கைகளில் ஏற்கெனவே எத்தனையோ தீர்ப்புகள் எழுதப்பட்டுவிட்டன. அளந்து பார்க்காமல் இன்னொன்றை எழுத வேண்டாம்.