அரை நிமிடத்தில் ஒரு குறி வித்தை

திரைப்படம் என்றால் இருண்ட கொட்டகையில் பலர் கூடியமர்ந்து காண்பது என்றே எண்ணிப் பழகியிருக்கிறோம். 1894-ஆம் ஆண்டில் அது அவ்வாறில்லை. வட இந்திய நகரங்களின் தெருவோரங்களில் பயாஸ்கோப் பெட்டிக்குள் குனிந்து படம் பார்த்த குழந்தைகளைக் கண்டிருக்கும் நேயர்கள், அக்காலக் காட்சியை எளிதில் மனத்திற்கொள்ளலாம். சுமார் 4 அடி உயரமுள்ள மரப்பெட்டி. அதன் மேற்புறத்தில் ஒரு துளை. உள்ளே மின்விசையால் ஓடும் பிலிம் வளையம். காசு கொடுத்தவர் ஒருவர் மட்டுமே ஒரு நேரத்தில் பார்க்கலாம். எடிசனின் தொழிற்கூடத்தில் உருவான இக்கருவியின் பெயர் கினெடாஸ்கோப்.

அப்பெட்டிக்கென அவ்வாண்டு நவம்பர் 1-ஆம் நாள் எடுக்கப்பெற்ற படம் ஒன்றில், துப்பாக்கி சுடுவதில் பெரும்புகழ் பெற்ற ஆனி ஓக்லி தோன்றுகிறார். ஒஹையோ மாநிலத்தில் 1860-இல் வறிய குடும்பத்தில் பிறந்தவர் இவ்வம்மையார். இளமையிலேயே தந்தையை இழந்து, வேட்டையாடிய பறவைகளை விற்றுத் தாய்க்கு உதவினார். வித்தை காட்டுவதற்காக அவர் துப்பாக்கியைக் கையில் எடுக்கவில்லை. வயிற்றுப் பாட்டுக்காக எடுத்தார். அரங்கமும் கைதட்டலும் பின்னர் வந்தவையே. 1885 முதல் 'பஃபலோ பில்' எனப்பட்ட கோடியின் பெருங்குழுவில் அவர் முன்னணிக் கலைஞராக விளங்கினார்.

பரந்த திடலில் குதிரைகளுக்கு நடுவே நிகழ்ந்த வித்தையை ஏன் அங்கேயே படம் பிடிக்கவில்லை? காமிரா அத்துணைக் கனமானது. மின்சார மோட்டாரோடு இணைந்தது. ஆகவே கலைஞர்தாம் காமிராவைத் தேடி வர வேண்டும். நியூ ஜெர்ஸியில் வெஸ்ட் ஆரஞ்சு என்னும் ஊரில் எடிசன் கூடத்தார் 1893-இல் எழுப்பிய படப்பிடிப்பு அறை, தார் பூசிய காகிதம் போர்த்த ஒரு கறுப்புக் கொட்டகை. கைதிகளை ஏற்றிச் செல்லும் போலீஸ் வண்டியின் பட்டப்பெயரான 'பிளாக் மரியா' என்பதே அதற்கும் வழங்கிற்று. அக்கால பிலிமுக்கு மிகுந்த ஒளி வேண்டும். எனவே கூரையின் ஒரு பகுதி திறந்துகொள்ளும். கட்டடம் முழுவதுமே, சூரியன் நகர நகர, வட்டத் தண்டவாளத்தின்மேல் திருப்பப்படும். சூரியகாந்தி மலரை ஒத்த கட்டடம் என்று சொல்லலாம், நிறம் மட்டும் வேறு!

அந்தக் கறுப்புப் பின்னணியின்முன் நின்று ஆனி ஓக்லி சுடுகிறார். முதலில் அசையாத இலக்குகளை விரைந்து அடுத்தடுத்துச் சுடுகிறார். பிறகு உதவியாளர் ஒருவர் மேலே எறியும் பொருள்களைக் குறிவைக்கிறார். உதவியாளர் அவருடைய கணவர் ஃபிராங்க் பட்லர் என்பது பலர் கருத்து. அவ்வளவுதான்; அரை நிமிடத்துக்குள் எல்லாம் முடிந்துவிடுகிறது. பெட்டிக்குள் அடங்கும் பிலிமின் நீளம் ஏறத்தாழ 50 அடிதான். கதை சொல்ல அது போதாது. ஒரு வித்தையின் தொடக்கமும் முடிவும் அடங்குவதற்குப் போதும். மல்லர், நடனமாதர், உடற்பயிற்சி வீரர் ஆகியோரே தொடக்க காலப் படங்களில் மிகுதியாகத் தோன்றியதற்கு இதுவும் ஒரு காரணம்.

இப்படத்தைப் பார்த்து அவருடைய திறமையை அளந்துவிடலாமா? இயலாது என்பதே என் எண்ணம். குறுகிய அறையாதலால் இலக்குகள் மிக அருகில் இருக்கின்றன. திடலில் அவருக்கு வாய்த்த தொலைவும் காற்றும் இங்கு இல்லை. தோட்டா கண்ணுக்குத் தெரியாது, வெடியோசையும் இல்லை. ஆனால் மேடைப் புகைப்படம் எதுவும் காட்டாத ஒன்றை இப்படம் காட்டுகிறது: ஒரு சூட்டுக்கும் அடுத்த சூட்டுக்கும் இடையே அவர் எடுத்துக்கொள்ளும் நேரம். தயங்காத, ஆரவாரமற்ற அந்தக் கைவேகத்தை விளம்பரச் சொற்களால் உணர்த்த முடியாது.

ஆனி ஓக்லி 1926-இல் காலமானார். படம் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தில் காக்கப்பட்டு, இன்று எவரும் காணக் கிடைக்கிறது. காண நேர்ந்தால் இரண்டு முறை பாருங்கள். முதல் முறை நம் கண் இலக்குகளையே தொடர்கிறது, அவர் கைகளைத் தவறவிட்டுவிடுகிறோம்.